வெடித்த பெயிண்டின் பழமை: எந்த மரச்சாமானுக்கு எந்த வழி?

காரைக்குடிக்குப் பக்கத்தில் எங்கள் பெரியம்மா வீட்டில், பின்கட்டுக்குப் போகும் வழியில் ஒரு கதவு இருந்தது. பச்சை எனாமல் அடித்த கதவு. வெயில் படும் பக்கத்தில் பெயிண்ட் முழுவதும் வெடித்து, மர ரேகையின் போக்கிலேயே நீள நீளமாகக் கோடு விட்டிருக்கும். நகத்தால் நெருடினால் பச்சைக்குக் கீழே நீலம், நீலத்துக்குக் கீழே செங்காவி நிறத்தில் பிரைமர். ஆனால் தாழ்ப்பாளைச் சுற்றி ஒரு சாண் அகலத்துக்கு ஒரு வெடிப்பும் இருக்காது. கை பட்டுப் பட்டுப் பெயிண்ட் தேய்ந்து, மரமே வழவழவென்று தெரியும். கீழே, முற்றம் கழுவும்போது தண்ணீர் தெறிக்கும் உயரம் வரை, பெயிண்ட் செதில் செதிலாக உரிந்திருக்கும். நிழலிலேயே இருந்த உட்பக்கமோ பளபளப்பு மங்கியதோடு சரி.

அந்த வீட்டை இடித்துவிட்டார்கள். கதவு யார் கைக்குப் போனது என்று தெரியவில்லை. போன வருடம் அக்கா சென்னையில் தன் வீட்டுக்கு ரப்பர் மரத்தில் இரட்டைக் கதவு அலமாரி ஒன்று செய்து வாங்கினாள். “இதைப் பெரியம்மா வீட்டுக் கதவு மாதிரி ஆக்கித் தருகிறாயா?” என்று கேட்டாள். பழைய மரச்சாமான்களைச் சுரண்டிப் புதுப்பிப்பது எனக்குப் பல வருடப் பழக்கம். புதியதைப் பழையதாக்கும் வேலையை அவ்வப்போது சின்னச் சின்ன பெட்டிகளில்தான் செய்திருக்கிறேன். ஒரு முழு அலமாரி என்றதும் யோசனை வந்தது. மொட்டை மாடியில் ப்ளைவுட் துண்டுகளை வரிசையாக வைத்து ஒவ்வொரு வழியையும் செய்து பார்த்த பிறகே அலமாரியில் கை வைத்தேன். வெடிப்பு விழுந்த தோற்றத்தைத் தன் வீட்டுச் சாமானில் கொண்டுவர நினைப்பவர்களுக்கு அந்தச் சோதனைகள் உதவும் என்பதால் எழுதுகிறேன்.

பெயிண்ட் தானாக ஏன் வெடிக்கிறது என்று தெரிந்துகொண்டால், எந்த வழி எதைப் போலச் செய்கிறது என்பது பிடிபட்டுவிடும். மரம் ஈரத்தை உறிஞ்சினால் அகலவாக்கில் பருக்கும், காய்ந்தால் சுருங்கும். நீளவாக்கில் அநேகமாக அசைவதே இல்லை. வயதாகி இறுகிப்போன பெயிண்ட் அந்த அசைவுக்கு ஈடுகொடுக்க முடியாமல் ரேகையின் போக்கில் பிளக்கிறது. பெரியம்மா வீட்டுக் கதவில் இருந்தது இந்த வகை. பொங்கலுக்குப் பொங்கல் பழையதைச் சுரண்டாமல் மேலே மேலே அடித்துக்கொண்டே போனால், படலம் தடித்து ரேகைக்குக் குறுக்காகவும் வெடிக்கும். இன்னொரு வகை, அடிப்பூச்சு முழுதாகக் காய்வதற்குள் மேல்பூச்சை அடித்துவிடுவதால் வருவது. மேலே உள்ளது இறுகிச் சுருங்கும்போது கீழே பிடிமானம் இல்லாமல் வழுக்கி, முதலைத் தோல்போலக் கட்டம் கட்டமாகப் பிளந்துவிடும். அனுபவமுள்ள பெயிண்டர் இதைப் பார்த்தால் ‘அவசரத்தில் அடித்திருக்கிறார்கள்’ என்பார்.

வெடிப்பைச் செயற்கையாக வரவழைக்கும் வழிகளில் பெரும்பாலானவை இந்தக் கடைசிப் பிழையைத்தான் வேண்டுமென்றே செய்கின்றன. மெதுவாகக் காய்வது கீழே, வேகமாகக் காய்வது மேலே. பிறகு நீங்கள் முடிவு செய்ய வேண்டியது, அந்தக் கீழ்ப்படலம் எதுவாக இருக்கட்டும் என்பதுதான்.

எல்லோருக்கும் கைக்கெட்டும் வழி வெள்ளைப் பசை, அதாவது பெவிகால். அடிநிறத்தை அடித்து நன்றாகக் காயவிட வேண்டும். அதன் மேல் பெவிகாலைப் பிரஷ்ஷால் இழுத்து, அது பிசுபிசுப்பாக இருக்கும்போதே மேல்நிறமாக எமல்ஷனை அடிக்க வேண்டும். எமல்ஷனில் உள்ள தண்ணீர் ஆவியாக ஆகப் படலம் சுருங்கும். கீழே பசை இன்னும் இறுகவில்லை என்பதால் படலம் கிழிந்து விலகும்.

இதைப் பக்கத்தில் இருந்து பார்ப்பதே ஒரு சுகம். அடித்து முடித்த முதல் நிமிடம் ஒன்றும் நடக்காது. ஈரமான வெள்ளைப் பரப்பு அப்படியே மினுங்கிக்கொண்டிருக்கும். பிறகு எங்கோ ஓரத்தில் மினுமினுப்பு மங்கும். அங்கே தலைமுடி கனத்தில் ஒரு கோடு விழும். அந்தக் கோடு நீள்வதைக் கண்ணால் பார்க்கலாம். பக்கத்தில் இன்னொன்று, பிறகு பத்து. கால் மணி நேரத்தில் கோடுகளின் வாய் அகன்று, அடிநிறம் உள்ளிருந்து எட்டிப் பார்க்கும். என் முதல் துண்டில் செங்காவி நிறத்தின் மேல் வெள்ளையை அடித்திருந்தேன். மழைக்கு முந்திய கண்மாய்த் தரைபோல இருந்தது.

ஆனால் அது முதல் துண்டின் ஒரு பாதி மட்டும்தான். மறுபாதியில் ஒரு இடம் மெல்லியதாகத் தெரிந்ததால் பிரஷ்ஷை இரண்டாம் முறை இழுத்துவிட்டேன். பெயிண்டும் பசையும் சேர்ந்து சுருண்டு, பாலாடைபோலப் பிரஷ்ஷோடு வந்துவிட்டது. பசை முறையின் முதல் விதி இதுதான். பிரஷ் நிறையப் பெயிண்ட் எடுத்து ஒரே இழுப்பு. அடித்த இடத்துக்குத் திரும்பிப் போகக் கூடாது. விட்டுப்போன இடம் இருந்தால் இருக்கட்டும், பழைய சாமானில் அதுவும் பொருந்தும்.

பசை எப்போது தயார் என்பதை விரல்தான் சொல்லும். மெல்லத் தொட்டால் விரலில் ஒட்டிக்கொண்டு வரக் கூடாது, ஆனால் ரேகை பதிய வேண்டும். இதற்கு ஆகும் நேரம் இடத்துக்கு இடம் மாறும். பிப்ரவரி மாதக் காலையில் மாடியில் எனக்குப் பதினைந்து நிமிடம் ஆனது. அதே பசை நண்பகல் வெயிலில் ஐந்து நிமிடத்தில் தோல் கட்டிவிட்டது; மேலே அடித்த எமல்ஷனில் கோடே சரியாக விழவில்லை. பசையைக் கெட்டியாகப் பூசினால் வெடிப்பு அகலமாக வரும். நாலில் ஒரு பங்கு தண்ணீர் கலந்து மெல்லியதாகப் பூசினால் நெருக்கமாக, நுணுக்கமாக வரும். மேல்பூச்சுக்கும் அதே கணக்கு. பிரஷ் போகும் திசையில் வெடிப்பும் போகும். ஆகவே ரேகைப் போக்கில் இழுத்தால் வெயிலில் காய்ந்த கதவின் தோற்றம் கிடைக்கும். ஸ்பாஞ்சால் ஒற்றி அடித்தால் சிலந்தி வலைபோல எல்லாத் திசையிலும் பிரியும். என் கண்ணுக்கு இந்த வலை வகை ஜாடிக்கும் தட்டுக்கும் பொருந்துகிறது. மரத்துக்கு ரேகைப் போக்குதான் நம்பும்படி இருக்கிறது.

மேல்பூச்சுக்குச் சுவருக்கு அடிக்கும் மங்கலான எமல்ஷன் போதும். எனாமல் உதவாது. எண்ணெய்ப் பெயிண்டில் தண்ணீர் கிடையாது. பசை மேல் அது சுருங்கிக் கிழியாமல் அப்படியே உட்கார்ந்துவிடும். அடிப்பூச்சுக்கு மட்டும் எனாமல் நல்லது. பசையை உறிஞ்சாது என்பதால் வெடிப்பு ஒரே சீராக வரும். இன்னொன்று: நின்ற நிலையில் இருக்கும் கதவில் பசை வடிந்துவிடும். கீலைக் கழற்றிக் கதவைப் படுக்க வைத்துத்தான் அடிக்க வேண்டும்.

இதன் குறை வெடிப்பில் இல்லை, ஆயுளில் இருக்கிறது. வெள்ளைப் பசை காய்ந்த பிறகும் தண்ணீரில் ஊறினால் இளகும், சூட்டிலும் இளகும். மே மாதச் சென்னையில் இப்படிச் செய்த மேசைப் பரப்பில் கனமான புத்தகத்தை ஒரு வாரம் வைத்துவிட்டு எடுத்தால் பெயிண்டும் சேர்ந்து வரலாம். கதவு, சட்டம், பெட்டியின் பக்கப் பலகை என்று எதுவும் வைக்காத, அதிகம் துடைக்காத பரப்புகளுக்கு மட்டும் இதைச் சொல்வேன்.

பெவிகால் 1959இல் சந்தைக்கு வந்தது. அதற்கு முன் தச்சர்கள் ஒட்டியது வச்சிரத்தால். தோலையும் எலும்பையும் காய்ச்சி எடுக்கும் அந்தப் பசையை இரவே தண்ணீரில் ஊறவைத்து, மறுநாள் வெந்நீர்ப் பாத்திரத்துக்குள் இன்னொரு பாத்திரம் வைத்து இளஞ்சூட்டில் உருக்க வேண்டும். 60 டிகிரி செல்சியஸ் வாக்கில் இருந்தால் போதும், கொதித்தால் பசையின் வலு போய்விடும். நாற்றம் உண்டு. வீட்டுக்குள் செய்ய வேண்டாம். ஆனால் வெடிப்பு என்று பார்த்தால் வெள்ளைப் பசையை விட வச்சிரம்தான் எனக்குப் பிடித்தது. வெள்ளைப் பசையில் வெடிப்பின் விளிம்பு சற்று மழுங்கி, ரப்பரை இழுத்துக் கிழித்ததுபோல இருக்கும். வச்சிரம் காயும்போது தானும் சுருங்கும், இறுகினால் நொறுங்கும் தன்மை உடையது. ஆகவே விளிம்பு கூர்மையாக நிற்கிறது, சில இடங்களில் ஓரம் லேசாக மேலே தூக்கிக்கொள்கிறது. உண்மையான பழம் பெயிண்டும் அப்படித்தான் தூக்கிக்கொள்ளும். பசை உலர்ந்துவிட்டதே என்ற பதற்றமும் குறைவு. மேலே வரும் எமல்ஷனின் தண்ணீரே அதை மறுபடி இளக்கிவிடும். இரண்டு சதுர அடிப் பெட்டி மூடிக்கு இவ்வளவு பாடும் படலாம். பெரிய அலமாரிக்குப் பொறுமை வேண்டும்.

கைவினைப் பொருள் கடைகளில் வெடிப்புக்கென்றே திரவம் கிடைக்கிறது. வேலை செய்யும் விதம் வெள்ளைப் பசை போலத்தான், செய்முறையும் அதேதான். வெடிப்பு எதிர்பார்த்தபடி வருகிறது, அதில் சந்தேகமில்லை. ஆனால் சின்னச் சின்ன புட்டிகளில் வருகிறது. அக்காவின் அலமாரிக் கதவு ஒன்றுக்கே ஏறத்தாழ 200 கிராம் பசை பிடித்தது. அந்த அளவுக்குப் புட்டி வாங்கினால் பெவிகாலுக்கு ஆகும் செலவு பல மடங்காகிவிடும். புகைப்படச் சட்டம், நகைப்பெட்டி என்றால் யோசிக்காமல் வாங்கலாம்.

முற்றிலும் வேறு குணமுள்ளது இரண்டு வார்னிஷ் முறை. மற்ற வழிகளில் பெயிண்டே வெடிக்கிறது. இதில் பெயிண்ட் முழுசாக இருக்க, அதன் மேல் உள்ள கண்ணாடி போன்ற வார்னிஷ் மட்டும் வெடிக்கிறது. பழைய ஐரோப்பிய ஓவியங்களின் முகத்தில் இழை இழையாகத் தெரிகிறதே, அந்த வகை. முதலில் மெதுவாகக் காயும் எண்ணெய் வார்னிஷ். சில மணி நேரத்தில் அது தொட்டால் லேசாகப் பிடிக்கும் பதத்துக்கு வந்ததும், அதன் மேல் தண்ணீரில் கரையும் வார்னிஷ். அதில் இருப்பது பெரும்பாலும் அரபுப் பிசின். பிசின் வேகமாகக் காய்ந்து சுருங்கி உடைகிறது. முதல் பூச்சு எவ்வளவு காய்ந்திருக்கிறதோ அவ்வளவு நுணுக்கமாக வெடிப்பு வரும். ஈரம் மிச்சமிருந்தால் அகலமாக வரும்.

விசித்திரம் என்னவென்றால், வெடித்த பிறகும் கண்ணுக்கு ஒன்றும் தெரியாது. வெளிச்சத்துக்குச் சாய்த்துப் பார்த்தால் சன்னமான கோடுகள் நிழலாடும், அவ்வளவுதான். அடர்பழுப்பு எண்ணெய் வண்ணத்தைத் துணியில் எடுத்துப் பரப்பு முழுவதும் தேய்த்து, உடனே உலர்ந்த துணியால் துடைக்க வேண்டும். துடைக்கத் துடைக்க மேலே இருப்பது போய், இடுக்கில் இறங்கியது மட்டும் நிற்கும். கைத்துணி ஒரு முறை அந்தப் பக்கம் போய்த் திரும்புவதற்குள் வெற்றுப் பரப்பில் நூறு வருட வலை விரிந்து நிற்பதைப் பார்த்து எனக்குச் சிலிர்த்துவிட்டது. பூ வேலை, எழுத்து, ஒட்டிய படம் என்று மேலே ஏதாவது இருக்கும் பெட்டிகளுக்கு இதை மிஞ்சிய வழி கிடையாது. வெடிப்பு பிடிக்கவில்லையென்றால், வண்ணம் தேய்ப்பதற்கு முன்பே, ஈரத் துணியால் பிசின் பூச்சை மட்டும் கழுவிவிட்டு மறுபடி முயலலாம். வேறெந்த வழியிலும் இந்தச் சலுகை இல்லை.

ஆனால் நம் கடற்கரை ஊர்களுக்கு இந்த வழி முரண்டு பிடிக்கும். அரபுப் பிசின் காற்றிலுள்ள ஈரத்தை இழுக்கும். நவம்பரில், வடகிழக்குப் பருவமழை நாளொன்றில், இதே சோதனையைத் திரும்பச் செய்தேன். மாலை வரை பிசின் காயவே இல்லை. மின்விசிறியின் கீழ் வைத்த பிறகு விழுந்த ஒன்றிரண்டு கோடுகளும் காலையில் பாதி மூடியிருந்தன. பிப்ரவரி முதல் ஏப்ரல் வரை, காற்று உலர்ந்திருக்கும் ஒரு நாளைப் பார்த்துச் செய்ய வேண்டும். தலைமுடி உலர்த்தும் கருவி இருந்தால் தள்ளிப் பிடித்து வெதுவெதுப்பாகக் காட்டலாம். மதுரையிலோ கோவையிலோ இருப்பவர்களுக்கு இந்தத் தொல்லை குறைவாகவே இருக்கும்.

பால் பெயிண்ட் என்று ஒன்று உண்டு. இதை வெடிப்பு என்பதைவிட உரிதல் என்று சொல்வது சரி. கொழுப்பு நீக்கிய பாலை வினிகர் விட்டுத் திரித்து, வடிகட்டி, கட்டியை நன்றாகக் கழுவிக்கொள்ள வேண்டும். ஐந்து பங்கு கட்டிக்கு ஒரு பங்கு நீற்றிய சுண்ணாம்பு விழுது சேர்த்துக் குழைத்து வைத்தால், கொஞ்ச நேரத்தில் கட்டி கரைந்து கூழாகும். பாலில் உள்ள புரதம் சுண்ணாம்போடு சேர்ந்து பசையாகிவிடுகிறது. அதில் காவிப் பொடியைக் கலந்தால் பெயிண்ட் தயார். சுண்ணாம்பு காரம் என்பதால் எல்லா நிறமும் தாங்காது. செங்காவி, மஞ்சள் காவி போன்ற மண் நிறங்கள் நிற்கும். துணிக்குப் போடும் சொட்டு நீலம் சாயம், அதை இதில் நம்ப வேண்டாம். சுண்ணாம்பைக் கையுறை போட்டுக் குழையுங்கள், கண்ணில் படவே கூடாது. கலந்த அன்றே அடித்து முடித்துவிட வேண்டும், மறுநாள் கெட்டுவிடும்.

வெறும் மரத்தில் இதை அடித்தால் மரத்துக்குள் இறங்கி இறுகப் பிடித்துக்கொள்ளும், உரியாது. வார்னிஷோ எனாமலோ ஏற்கெனவே இருக்கும் வழவழப்பான பரப்பில் அடித்தால்தான், பிடிப்பு கிடைக்காத இடங்களில் சுருங்கிப் பொருக்குத் தட்டி, தானாக உதிரும். எங்கே உதிரும் என்பது உங்கள் கையில் இல்லை. அதிலேயே இதன் அழகும் சங்கடமும் இருக்கின்றன. மனிதக் கை ‘பழமை’ செய்தால் இங்கொன்று அங்கொன்று என்று சமமாகப் பரப்பிவிடும். பால் பெயிண்ட் அப்படிச் செய்யாது. என் துண்டில் ஒரு மூலை முழுவதும் உரிந்து, நடுவில் ஒரு சில்லுகூட அசையாமல் நின்றது. பார்த்தால் உண்மையிலேயே பழையது. அக்காவுக்கு அந்தத் துண்டைக் காட்டியபோது, “இது அழகாக இருக்கிறது, ஆனால் அலமாரியில் முழுவதும் கொட்டிவிட்டால்?” என்றாள். அவள் கேட்டது நியாயம். இரண்டு கதவு உள்ள சாமானில் ஒரு கதவு முழுவதும் உதிர்ந்து மறு கதவு புதிதாகவே நின்றால் என்ன செய்வது?

சாக் பெயிண்டைப் பலர் இதோடு குழப்பிக்கொள்கிறார்கள். அது இங்கிலாந்தில் ஆனி ஸ்லோன் 1990இல் கொண்டுவந்த, சுண்ணக்கட்டி போன்ற மங்கல் பரப்புத் தரும் பெயிண்ட். தானாக வெடிக்காது, உரியாது. உப்புத்தாளால் தேய்த்தால் எளிதில் தேயும், அதுதான் அதன் சிறப்பு. வெள்ளைப் பசையின் மேல் எமல்ஷனுக்குப் பதிலாக அதை அடித்தாலும் வெடிப்பு வருகிறது.

மிச்சம் இருப்பது மெழுகுவர்த்தி. செலவே இல்லாதது. அடிநிறம் காய்ந்ததும், விளிம்பிலும் மூலையிலும் மெழுகுவர்த்தியை அழுத்தித் தேய்த்துவிட்டு மேல்நிறம் அடிக்க வேண்டும். காய்ந்த பிறகு பட்டி போடும் தகட்டால் சுரண்டினால், மெழுகு இருந்த இடத்தில் பெயிண்ட் பிடிக்காமல் பெயர்ந்து வரும். மேலே உப்புத்தாளால் லேசாக ஒரு தேய்ப்பு. இதில் வெடிப்பே வராது. ஆனால் புழங்கித் தேய்ந்த தோற்றத்தை, அதுவும் நாம் நினைத்த இடத்தில், கொண்டுவர இதைத் தவிர வேறு வழி தேவையில்லை.

இவ்வளவையும் செய்து பார்த்துவிட்டு வரிசையாக வைத்தபோதுதான் பெரியம்மா வீட்டுக் கதவு மறுபடி நினைவுக்கு வந்தது. நான் தவறான கேள்வியைக் கேட்டுக்கொண்டிருந்தேன். எந்த வழி சிறந்தது என்று பார்த்துக்கொண்டிருந்தேனே தவிர, இந்தச் சாமான் உண்மையிலேயே ஐம்பது வருடம் ஒரு வீட்டில் நின்றிருந்தால் எந்த இடம் எப்படிக் கெட்டிருக்கும் என்று பார்க்கவில்லை. வெயில் பட்ட இடம் வெடிக்கும். கை பட்ட இடம் தேயும். தண்ணீர் பட்ட இடம் உரியும். ஒன்றும் படாத இடம் மங்கும். அலமாரி முழுவதும் ஒரே மாதிரி வெடித்திருந்தால், பார்த்தவுடனே அது பொய் என்று தெரிந்துவிடும். கடைகளில் பழமைத் தோற்றத்தில் விற்கும் சாமான்கள் பலவற்றிலும் என்னை உறுத்துவது இதுதான். கைப்பிடிக்குக் கீழேயும் வெடிப்பு, பின்பலகையிலும் வெடிப்பு, இழுப்பறைக்குள்ளும் வெடிப்பு.

ஆக அக்காவின் அலமாரிக்கு ஒரு வழி போதவில்லை. கதவுகளின் மேல்பாதியில், நடுப்பலகைகளில் மட்டும் பெவிகால், ரேகைப் போக்கில். அங்கேயும் பசையை ஓரத்தில் கெட்டியாகவும் உள்ளே வரவர மெல்லியதாகவும் இழுத்தேன். அதனால் வெடிப்பு ஒரு பக்கம் அகலமாகத் தொடங்கி மெல்ல மறைகிறது. கைப்பிடியைச் சுற்றி, கதவு விளிம்புகளில், அடிச்சட்டத்தில் மெழுகுவர்த்தி. பக்கப் பலகைகளில் வெறும் பெயிண்ட். நிறமும் பெரியம்மா வீட்டுக் கதவில் இருந்ததே. செங்காவி, அதன் மேல் ஆங்காங்கே நீலம், மேலே பச்சை. நீலத்தை முழுவதும் அடிக்கவில்லை, மெழுகு வைத்த இடங்களை ஒட்டி மட்டும். சுரண்டும்போது இரண்டு வயதும் தெரிய வேண்டும் என்பதற்காக.

வெடிப்பு விழுந்து இரண்டு நாள் காய்ந்த பிறகு மேலே காப்புப் பூச்சு அவசியம். பலர் பிழை செய்வது இந்த இடத்தில்தான். பசை முறையிலும் பிசின் முறையிலும் தண்ணீர் கலந்த வார்னிஷை மேலே அடித்தால் கீழ்ப்படலம் மறுபடி விழித்துக்கொள்ளும். ஸ்பிரிட்டில் கரைத்த அவலரக்கு (ஷெல்லாக்) பாலிஷும் தின்னர் கலந்த லேக்கரும் வெள்ளைப் பசையையும் எமல்ஷனையும் இளக்கிவிடும். டர்பன்டைன் கலந்து அடிக்கும் மங்கலான எண்ணெய் வார்னிஷ்தான் பாதுகாப்பு. மெல்லியதாக ஒரு பூச்சு, தேவையென்றால் மறுநாள் இன்னொன்று. அது சற்று மஞ்சளாகும், நமக்கு அது வேண்டியதுதான். பால் பெயிண்டுக்கு மட்டும் தேன்மெழுகு போதும். எண்ணெய் வார்னிஷ், ஆளி விதை எண்ணெய் தோய்ந்த துணியைச் சுருட்டி மூலையில் போடாதீர்கள். காயும்போது சூடேறித் தானே தீப்பற்றும் ஆபத்து உண்டு. விரித்துக் கொடியில் காயப்போட்டுவிட்டு, பிறகு குப்பையில் போடுங்கள்.

செய்யவே கூடாத இடங்களையும் சொல்லிவிடுகிறேன். சாப்பாட்டு மேசை, சமையலறைப் பலகை, குழந்தைக் கட்டில். இடுக்கில் உணவும் அழுக்கும் தங்கும், குழந்தை பெயர்ந்த சில்லை வாயில் போடும். நல்ல தேக்கில் பழைய பாலிஷோடு இருக்கும் சாமானிலும் வேண்டாம். அதற்கு ஏற்கெனவே ஒரு வயது இருக்கிறது. அதை மறைத்து இன்னொரு வயதைப் பூசுவது அந்த மரத்துக்கும் அதைச் செய்த தச்சருக்கும் செய்யும் அநியாயம்.

உங்கள் வீட்டில் நிஜமாகவே பெயிண்ட் வெடித்த பழைய சாமான் இருந்தால், அதில் கை வைக்கும் முன் ஒரு எச்சரிக்கை. வீட்டுப் பெயிண்டில் ஈயத்தின் அளவு 90 பிபிஎம்முக்கு (பத்து லட்சத்தில் 90 பங்கு) மேல் போகக் கூடாது என்ற இந்திய விதி 2016இல் போடப்பட்டு, 2017 நவம்பரில்தான் நடைமுறைக்கு வந்தது. அதற்கு முந்தைய பெயிண்டில் ஈயம் அதிகம் இருக்கலாம் என்றே எடுத்துக்கொள்ள வேண்டும். உலர்ந்த உப்புத்தாளால் தேய்த்துத் தூசி கிளப்பாதீர்கள். சுரண்டத்தான் வேண்டும் என்றால் ஈரப்படுத்தி, முகக்கவசம் போட்டு, குழந்தைகளையும் கர்ப்பிணிகளையும் தள்ளி வைத்துச் செய்யுங்கள். முடிந்தால் சுரண்டவே வேண்டாம். பிழிந்த துணியால் மெல்ல ஒற்றித் துடைத்து, காயவிட்டு, அதே மங்கல் வார்னிஷை ஒரு பூச்சு அடித்தால் சில்லுகள் பெயராமல் நிற்கும், நிஜமான வெடிப்பும் அப்படியே இருக்கும்.

அலமாரிக் கதவுகளைக் கீலில் மாட்டிய அன்று அக்கா முதலில் வெடிப்பைப் பார்க்கவில்லை. கைப்பிடிக்குப் பக்கத்தில், பச்சை தேய்ந்து நீலமும் செங்காவியும் கொஞ்சம் மரமும் தெரியும் அந்த ஒரு சாண் இடத்தில், உள்ளங்கையை வைத்துக்கொண்டு சிறிது நேரம் நின்றாள். “பெரியம்மா இங்கேதான் பிடித்துத் தள்ளுவார்கள்” என்றாள்.